ஹீத் நகரத்துக் கீலூற்றுகள்

அடுப்பில் நோன்புக் கஞ்சி இறுகி வரும் தறுவாயில், பாத்திரத்தின் நடுவே ஒரு குமிழி மெல்ல எழுந்து, பருத்து, வாய்பிளந்து அடங்குவதை எல்லோரும் பார்த்திருப்போம். அடுப்பும் இல்லாமல், தீயும் இல்லாமல், திறந்த வெளியில் பூமி தானே அவ்வாறு கொதித்துக்கொண்டிருப்பதை நாம் முதன்முதலாகக் கண்டது 1979ஆம் ஆண்டில், இராக் நாட்டின் ஹீத் நகரத்தருகே. அன்று கண்டதைப் பலமுறை எழுத முற்பட்டு, பலமுறை பேனாவை மூடி வைத்திருக்கிறோம். அதற்குக் காரணம் இல்லாமல் இல்லை. அதையும் இங்கே சொல்லிவிடவே இப்போது எழுதுகிறோம்.

அந்நாட்களில் சாலை அமைக்கும் ஒப்பந்த நிறுவனம் ஒன்றில் கணக்கெழுதும் பணி நமக்கு. பாலைவெளியில் கூடாரங்கள், கூடாரங்களுக்கு அப்பால் இரவும் பகலும் தார் காய்ச்சும் கொதிகலன்கள். ஊரிலிருந்து புதிதாக வந்து சேர்ந்த பிள்ளைகள் முதல் வாரம் முழுவதும் அந்த வாடையில் சோறு இறங்காமல் தவிப்பார்கள். நம் கடற்கரை ஊரைச் சேர்ந்த தம்பி ஒருவனும் அப்படித்தான் தவித்தான். வயது இருபதுகூட நிரம்பவில்லை. நம்மைக் காக்கா என்று அழைத்து, எப்போதும் நம் பக்கத்திலேயே இருப்பான். "பழகிவிடும் தம்பி, இரண்டு நாளில் மூக்குக்குத் தெரியாது" என்று அவனிடம் சொன்னோம். மூத்தவர்கள் இளையவர்களுக்குச் சொல்லும் எத்தனையோ ஆறுதல்களுள் அதுவும் ஒன்று. நமக்கும் யாரோ அப்படித்தான் சொல்லியிருந்தார்கள்.

ஹீத் மிகப் பழைய ஊர். புராத் நதியின் கரையில், மேடொன்றின்மேல் அமைந்தது. நதிநீரை இறைத்து வயல்களுக்கு ஊட்டும் பெரிய மரச்சக்கரங்கள் அங்கே புகழ்பெற்றவை. ஹதீஸ் கலை மேதை அப்துல்லாஹ் இப்னுல் முபாரக் (ரஹ்) அவர்கள் ஹிஜ்ரி 181ஆம் ஆண்டில், அதாவது 797இல், போர்முனையிலிருந்து திரும்பும் வழியில் மறைந்து அடக்கமானது இவ்வூரில்தான். கல்வியையும் வணிகத்தையும் போர்க்களத்தையும் ஒரே வாழ்வில் கண்ட அப்பெரியாரின் ஜியாரத்துக்காகவே ஒரு வெள்ளிக்கிழமை ஆறு பேராகப் புறப்பட்டோம். கீலூற்றைக் காணும் எண்ணம் அதுவரை இல்லை. ஜியாரத் முடிந்து தேநீர்க் கடையில் அமர்ந்திருந்தபோதுதான், ஊருக்கு வெளியே "உயூனுல் கீர்" இருப்பதாகக் கேள்விப்பட்டோம். கீரின் கண்கள் என்பது அதன் பொருள். அரபியில் ஊற்றுக்கும் கண்ணுக்கும் ஒரே சொல் அல்லவா!

அந்தச் சொல்லே நம்மைக் கிளப்பிவிட்டது. கீர், கார் என்று அரபிகள் சொல்வதைத் தமிழில் கீல் என்கிறோம்; பூமியிலிருந்து ஊறுவது நிலக்கீல். இரண்டுக்கும் உறவு உண்டென்று சாதிக்க நாம் வரவில்லை. அது மொழியறிஞர் பாடு. ஆனால் தோணித்துறையில் வளர்ந்தவனுக்கு அந்த ஒலி சும்மா காதில் விழுந்து போவதில்லை. பலகை இடுக்குகளில் பஞ்சைத் திணித்து, குங்கிலியமும் எண்ணெயும் சேர்த்துக் காய்ச்சிப் பூசும் கலப்பற்று வேலையை வாப்பாவின் கையைப் பிடித்துக்கொண்டு பார்த்தவர்கள் நாம். நம் கரையில் மரப்பிசின் செய்த வேலையைப் பாரசீக வளைகுடாவிலும் புராத், திஜ்லா நதிகளிலும் நிலக்கீல் செய்தது. குவைத்தில் ஸுபைய்யா என்ற இடத்தில் அகழ்ந்தெடுத்த கீல் துண்டுகளில் ஒருபுறம் நாணல் கட்டின் தடமும், மறுபுறம் கடலில் மிதந்த மரத்தில் ஒட்டும் சிப்பிகளும் இருந்தன; அவை 7000 ஆண்டுகளுக்கு முந்தியவை. இராக்கில் 'குஃப்பா' என்று ஒன்று உண்டு. நம் காவிரிப் பரிசலுக்கு உடன்பிறந்ததென்றே சொல்லலாம். வட்டமாகப் பின்னி, வெளியே கீல் பூசியது. பாபிலோன் மதில்களுக்குச் சாந்தாகப் பூசிய கீல், அந்நகரிலிருந்து எட்டு நாள் பயணத் தொலைவில் உள்ள 'இஸ்' என்ற இடத்திலிருந்து வந்ததென்று கிரேக்க வரலாற்றாசிரியர் ஹெரோடோட்டஸ் எழுதிவைத்தார். அந்த இஸ்தான் ஹீத் என்பது ஆய்வாளர் முடிபு.

இடையில் ஒன்று. திருமறையின் இப்ராஹீம் அத்தியாயத்தில், குற்றவாளிகள் மறுமையில் அணியும் ஆடையைக் கூறுமிடத்தில் 'கதிரான்' என்ற சொல் வருகிறது. அதையும் தார் என்றே பொதுவாகப் பெயர்த்துவிடுகிறோம். ஆனால் கதிரான் என்பது சில மரங்களைச் சூடேற்றி வடிப்பதென்றும், சொறி பிடித்த ஒட்டகங்களுக்குப் பூசுவதென்றும் அகராதிக்காரர்கள் விளக்குகிறார்கள். பூமியில் ஊறும் கீர் வேறு, மரத்தில் வடியும் கதிரான் வேறு. இந்த வேறுபாட்டை நாமும் வெகுகாலம் கழித்தே தெரிந்துகொண்டோம்.

ஊற்றுகளிடம் சென்று சேர்ந்தபோது முற்பகல். ஓர் இலை அசையவில்லை. அசைவதற்கு அங்கே இலையும் இல்லை. சாம்பல் நிற நிலத்தில் உப்புப் பூத்துக் கிடந்தது. அதன் நடுவே கலங்கிய நீர்க்குட்டை. நீர் சற்றே வெதுவெதுப்பு. அடியிலிருந்து ஓயாமல் வாயு எழும்பிக்கொண்டிருந்தது. சில இடங்களில் நீர்க்குமிழியாகவே வந்து உடைந்தது. சில இடங்களில் கீலையும் ஏந்திக்கொண்டு வந்தது. அப்போது கறுத்த தோல் ஒன்று மெல்ல மேலெழும்பி, ஆட்டுத் தலையளவு பருத்து, மெலிந்து, விளிம்பில் பழுப்பாகி, சோம்பலாக ஒரு 'பொளக்' ஓசையோடு அமுங்கும். உடைந்த தோல் சுருங்கி நீர்மேல் ஏடாகப் படர, ஏடுகள் ஒதுங்கிக் கரையில் சேரும். அதையே கழியால் வாரி எடுக்கிறார்கள். ஒரு குமிழிக்கும் அடுத்த குமிழிக்கும் இடையே உள்ள நேரத்தில் நம்மையறியாமல் மூச்சை அடக்கிக் காத்திருந்தோம். உறங்குகிறவரின் மார்பைப் பார்த்துக்கொண்டிருப்பது போன்ற காத்திருப்பு அது.

நாற்றத்தைச் சொல்லவேண்டும். ஆயிரம் முட்டைகள் ஒருங்கே அழுகியது போன்ற கந்தக நாற்றம். முகத்தில் துண்டைக் கட்டிக்கொண்டோம்.

பின்னாளில் இப்னு ஜுபைரின் பயண நூலைப் படித்தபோது, நாம் கண்டதை எட்டு நூற்றாண்டுகளுக்கு முன்பே ஒருவர் கண்டு சொல்லியிருப்பது கண்டு வியந்தோம். அந்தலூஸின் கிரனடா நகரில் ஆளுநரின் எழுத்தராக இருந்த அவர் 1183இல் ஹஜ்ஜுக்குப் புறப்பட்டவர். 1184இல் (ஹிஜ்ரி 580) பக்தாதிலிருந்து மோஸுலுக்குச் செல்லும் வழியில், திஜ்லா நதிக்கு அருகே கய்யாரா என்ற இடத்தில் கீலூற்றுகளைப் பார்க்கிறார். கருமேகம் படிந்தது போன்ற பள்ளம். பெரிதும் சிறிதுமான ஊற்றுகள். கொதிப்பது போலக் குமிழியிட்டுக் கக்குவன சில. கீல் வந்து தேங்குவதற்கென்று கட்டிய தொட்டிகள். தொட்டவுடன் விரலில் ஒட்டும் வழவழப்பு. நதிக்கரையில் வேறோர் ஊற்றிலிருந்து தொலைவில் புகை தெரிய, விசாரிக்கிறார். கீலை எடுத்துச்செல்ல விரும்பும்போது தீ மூட்டி ஈரத்தை வற்றச்செய்து, இறுகியபின் துண்டுகளாக வெட்டுவார்கள் என்றும், அது ஷாம் நாட்டுக்கும் கடற்கரைப் பட்டினங்களுக்கும் போகிறதென்றும் தெரிந்து எழுதுகிறார். பக்தாதின் ஹம்மாம்களில் சுவரிலும் தரையிலும் கீல் பூசியிருப்பது பளபளக்கும் கருஞ்சலவைக்கல் போலத் தோன்றுவதாகவும் குறிப்பிடுகிறார். 1327இல் அப்பக்கம் வந்த இப்னு பதூதாவும் இவற்றைச் சொல்கிறார். ஆனால் பல இடங்களில் இப்னு ஜுபைரின் வாசகத்தையே ஒட்டிச் சொல்கிறார். பயண எழுத்தாளர்களின் இந்தப் பழக்கத்தைப் பற்றி நாம் அதிகம் பேசாமல் இருப்பது நல்லது.

ஒன்று மட்டும் நம்மை உறுத்தியது. அந்தக் கீல் நறுமணம் உடையதென்று இப்னு ஜுபைர் எழுதுகிறார். மூக்கைப் பிடித்துக்கொண்டு ஹீத்தில் நின்ற நமக்கு அது பொய்யாகவே பட்டது. அத்தனையும் நுணுக்கமாகப் பார்த்தவர் இதில் மட்டும் எப்படித் தவறினார்?

இனி அந்தத் தம்பியிடம் வருவோம்.

குட்டைக்குச் சற்று அப்பால், முன்னொரு காலத்தில் கீல் எடுக்கத் தோண்டிய குழி ஒன்று இருந்தது. ஓர் ஆள் உயரத்துக்குச் சற்று அதிக ஆழம். அடியில் ஊற்று இன்னும் உயிரோடிருந்தது. வாப்பாவுக்குக் காட்ட ஒரு கட்டிக் கீல் வேண்டுமென்று தம்பி சரிவில் இறங்கினான். இறங்கும்போது நாற்றத்தால் முகத்தைச் சுளித்து நம்மை நிமிர்ந்து பார்த்தான். "பழகிவிடும், சீக்கிரம் எடுத்துக்கொண்டு வா" என்றோம். கூடாரத்தில் சொன்ன அதே சொல். குனிந்து கீலை அள்ளினான். பிறகு நிமிர்ந்து, முகத்துண்டை இறக்கிவிட்டு, சிரித்துக்கொண்டே சொன்னான்:

"காக்கா, நீங்க சொன்னது சரிதான். இப்போ நாத்தமே இல்லை."

அடுத்த கணம் அவன் முழங்கால்கள் மடிந்தன. வழுக்கி விழுந்துவிட்டான் என்றே நினைத்தோம். நம்மில் ஒருவர் இறங்கக் காலை வைத்தார். அப்போது பின்னாலிருந்து "லா தன்ஸில்! லா தன்ஸில்!" என்று ஒரு கூச்சல். இறங்காதே என்பது பொருள். கீல் வாரிக்கொண்டிருந்த முதியவர் ஒருவர் ஓடி வந்து, இறங்க முற்பட்டவரை நெஞ்சில் கைவைத்துத் தள்ளினார். கையிலிருந்த நீண்ட கழியின் கொக்கியைத் தம்பியின் இடுப்புப் பட்டையில் மாட்டினார். எல்லோரும் சேர்ந்து இழுத்தோம். மேட்டில், குழிக்கு எட்டக் கொண்டுபோய்க் கிடத்தினோம். முகம் மண்ணாய் வெளிறியிருந்தது. எவ்வளவு நேரம் சென்றதோ தெரியாது. கலிமாவை நாவால் சொல்லிக்கொண்டிருந்தோமே தவிர, மனம் அவனுடைய உம்மாவுக்கு எழுதவேண்டிய கடிதத்தில் நின்றது. பிறகு அவன் இருமினான், வாந்தியெடுத்தான், மூச்சு வந்தது. அல்ஹம்துலில்லாஹ்.

கீல் உள்ளங்கையில் ஒட்டிப் பிடித்திருந்தது. முதியவர் எள்ளெண்ணெய் கொண்டுவரச் செய்து, குழந்தையின் கையைத் துடைப்பது போல மெல்லத் தேய்த்து அதை எடுத்தார். நமக்குத் தெரிந்த கடைத்தெரு அரபியில் நன்றி சொன்னோம். அவர் நம்மை நோக்கி, நாற்றம் அடிக்கும்வரை நிற்கலாம், நாற்றம் நின்றால் ஓட வேண்டும், இதை உங்கள் ஊரில் பிள்ளைகளுக்குச் சொல்லித்தருவதில்லையா என்று கேட்டார். நம் ஊரில் கீலூற்று இல்லை என்று பதில் சொன்னோம். அது ஒரு பதிலா என்று இன்றும் நம்மை நாமே கேட்டுக்கொள்கிறோம்.

அந்த வாயுவின் பெயர் ஹைட்ரஜன் சல்ஃபைடு. காற்றில் பத்து இலட்சம் பங்குக்கு ஒரு பங்கைவிடக் குறைவாக இருந்தாலே மூக்கு அதைக் கண்டுகொள்ளும். 100 பங்களவுக்கு ஏறும்போது சில நிமிடங்களில் மோப்ப உணர்வு மரத்துவிடுகிறது. நாற்றம் நின்றுபோகும், வாயு நின்றிருக்காது. 500 பங்கைத் தாண்டினால் மனிதன் நினைவிழந்து விழுவான். 1000 பங்கானால் ஓரிரு மூச்சே போதும். காற்றைவிட எடை கூடியதாதலால் பள்ளங்களில் தேங்குகிறது. காற்றோட்டம் இல்லாத நாளில் அப்படிப்பட்ட குழி, கண்ணுக்குத் தெரியாத நீர் நிரம்பிய கிணறுதான். விழுந்தவரைத் தூக்க இறங்குபவரும் விழுகிறார். நம் நாட்டில் மலக்குழிகளிலும் கழிவுநீர்த் தொட்டிகளிலும் இறக்கிவிடப்பட்டு மாளும் தொழிலாளிகளின் செய்தியைப் படிக்கும்போதெல்லாம், ஒருவரையடுத்து ஒருவராக இருவர், மூவர் இறந்தார்கள் என்றிருப்பதைக் கவனித்திருப்பீர்கள். அங்கேயும் இதே வாயுதான். 1993இலும் 2013இலும் சட்டங்கள் வந்தன. கழியோடு ஓடி வருகிற கிழவர்தான் எல்லா இடத்திலும் கிடைப்பதில்லை.

ஹீத்தில் இவ்வாயு எங்கிருந்து வருகிறது? பூமிக்கடியில் ஆழத்தில் உள்ள எண்ணெய், அபூஜீர் எனப்படும் நீண்ட நிலப்பிளவு வழியே நீரோடு மேலே கசிகிறது. மேலே வர வர அதன் இலேசான பகுதி ஆவியாகிவிட, கனத்த மிச்சமே கீலாக நிற்கிறது. வழியில் உள்ள ஜிப்சப் பாறைகளில் கந்தகச் சத்து உண்டு. கண்ணுக்குத் தெரியாத நுண்ணுயிர்கள் எண்ணெயை உணவாகக் கொண்டு, அந்தச் சத்தைச் சிதைத்து இந்த நச்சு வாயுவை விடுகின்றன. நாம் உயிர்வாயுவைச் சுவாசிப்பது போல அவை கந்தகத்தைச் சுவாசிக்கின்றன என்று கொள்ளலாம். உறங்குகிறவரின் மூச்சென்று அன்று நமக்குத் தோன்றியது வெறும் உவமையாகவே இருக்கட்டும். ஆனால் அக்குமிழிகளில் உயிரின் மூச்சு கலந்திருந்தது உண்மை. மேற்கிந்தியத் தீவான திரினிதாதில் சுமார் 100 ஏக்கர் பரப்பில் ஒரு கீல் ஏரி இருக்கிறது. அதன் கீலுக்குள் சிக்கிய நீர்த்துளிகளை, மிகச் சிறிய துளிகளை, ஆராய்ந்தவர்கள் ஒவ்வொன்றிலும் நுண்ணுயிர்க் கூட்டங்கள் வாழ்ந்து எண்ணெயைத் தின்றுகொண்டிருப்பதை 2014இல் வெளியிட்டார்கள். எதுவும் பிழைக்காது என்று நாம் கைவிட்ட இடத்திலும் படைத்தவன் யாரையோ குடிவைத்திருக்கிறான்.

குமிழியில் வருவது நச்சு வாயு மட்டுமன்று. மீத்தேனும் வரும். அதற்கு மணமே கிடையாது. அமெரிக்காவின் லாஸ் ஏஞ்சலஸ் நகருக்குள்ளேயே 'லா பிரேயா' கீல்குட்டைகள் இருக்கின்றன. பனியுகத்தில் சிக்கி மாண்ட ஓநாய்கள் மட்டும் 4000க்கு மேல் அங்கே அகழ்ந்தெடுக்கப்பட்டுள்ளன. அதிலிருந்து அதிகத் தொலைவில் இல்லாத ஒரு துணிக்கடைக்கு அடியில் மணமில்லாத மீத்தேன் சேர்ந்து, 1985 மார்ச் 24 அன்று வெடித்தது. 23 பேர் காயமுற்றார்கள். மூக்கு எச்சரிக்கவே இல்லை. அதற்கும் முன்பு 1937இல், டெக்சாஸ் மாநிலத்தின் நியூ லண்டன் என்ற ஊரில் பள்ளிக்கூடமொன்று இவ்வாறு வெடித்து, ஏறத்தாழ 300 பேர், பெரும்பாலும் குழந்தைகள், மாண்டார்கள். அதன் பிறகே எரிவாயுவில் நாற்றப் பொருளைக் கலக்கவேண்டும் என்ற விதி அங்கே வந்தது. நம் சமையலறை உருளையிலிருந்து கசியும்போது வரும் நாற்றமும் வாயுவினுடையதன்று, கலக்கப்பட்டது. இதை அறிந்த நாளிலிருந்து அந்த நாற்றத்தை நாம் வெறுப்பதில்லை.

இப்னு ஜுபைர் கண்ட கய்யாராவுக்கு நாம் போனதில்லை. 1980இல் போர் மூண்டது. அதற்கடுத்த ஆண்டில் ஊர் திரும்பிவிட்டோம். 2016ஆம் ஆண்டில் அவ்வூரின் பெயரை மீண்டும் கேள்விப்பட்டோம். பின்வாங்கிய ஐ.எஸ். படையினர் எண்ணெய்க் கிணறுகளுக்குத் தீவைத்துவிட்டுப் போனார்கள். மாதக்கணக்கில், 2017 வசந்தம் வரையில், அங்கே நண்பகலும் இருண்டு கிடந்தது. கரி படிந்த ஆடுகளையும் கரி படிந்த பிள்ளைகளின் முகங்களையும் படங்களில் பார்த்தோம். கீலைத் துண்டாக வெட்டி ஊரூராக அனுப்புவதற்காக மூட்டிய தீயின் புகையைத்தான் அந்தலூஸ்காரர் அன்று தொலைவில் கண்டார்.

தம்பி பிழைத்துக்கொண்டான். நான்கு நாள் மருத்துவமனையில் இருந்தான். பிறகு பல ஆண்டுகள் வளைகுடா நாடுகளில் உழைத்து, வீடு கட்டி, பெண்மக்களைக் கரையேற்றி, இன்று பேரன் பேத்திகளோடு நம் தெருவுக்கு அடுத்த தெருவில் இருக்கிறான். ஆனால் அன்று போன மோப்பம் திரும்பவே இல்லை. மகளின் நிக்காஹ் நாளில், பிரியாணிச் சட்டியைத் திறந்தபோது எல்லோரும் தலையை நீட்ட, அவன் மட்டும் ஆவியையே பார்த்துக்கொண்டு நின்றதைக் கண்டோம். அத்தரைக் கையில் பூசிவிட்டால் சிரிப்பான். நம்மிடம் ஒருநாளும் ஒரு சொல் குறைகூறியதில்லை. கூறியிருந்தால் இந்தக் கட்டுரையை எப்போதோ எழுதியிருப்போம்.

அவன் கையிலிருந்து எடுத்த கீல் நம் மேசைமேல்தான் இருக்கிறது. ஊருக்குப் புறப்படும்போது, வாப்பாவுக்குக் காட்டத் தனக்கு இனி வேண்டாமென்று நம்மிடம் கொடுத்துவிட்டான். கத்திரி வெயிலில் சற்றே இளகும், மார்கழியில் கல்லாகும். வாயுவெல்லாம் எப்போதோ கழிந்துவிட்டது. கந்தக நாற்றம் துளியும் இல்லை. மழைக்குமுன் மரக்கலத்தின் அடித்தட்டில் வருமே, அதுபோன்ற ஒரு மெல்லிய வாசனை மட்டும் இருக்கிறது. இப்னு ஜுபைர் பொய் சொல்லவில்லை என்று நமக்குத் தெரியவந்தது இந்தக் கட்டியை முகர்ந்துதான். நாறியது வாயு; கீல் அன்று.

சென்ற நோன்புப் பெருநாள் மாலையில் தம்பி வந்திருந்தான். மேசையிலிருந்து கீலை எடுத்து உள்ளங்கையில் வைத்து உருட்டினான். மூக்கருகே கொண்டுபோனான். பழக்கதோஷம்.

"மணம் இருக்கா காக்கா?" என்று கேட்டான்.

இருக்கிறது என்றோம்.